வேலூர்க் கோட்டையில் கண்டி மன்னர்

(பத்தாம் வகுப்பு மாணவி)

வேலூர்க் கோட்டையைக் காணாத மாணவி நம் பள்ளியில் ஒருத்தி கூட இருக்க மாட்டாள். ஆம்பூரிலிருந்தோ வாணியம்பாடியிலிருந்தோ உறவினர் வந்தால் நாம் முதலில் அழைத்துச் செல்லும் இடம் அதுதான். அகழியைச் சுற்றிப் பார்ப்போம். சலகண்டேசுவரர் ஆலயத்தின் கல் சிற்பங்களைக் கண்டு வியப்போம். புனித யோவான் ஆலயத்தைக் காட்டுவோம். 1806ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 10ஆம் நாள் நடந்த சிப்பாய்ப் புரட்சியைப் பாடப் புத்தகத்தில் படித்தபடியே ஒப்பிப்போம். ஐதர் மகால், திப்பு மகால் என்று சொன்னால் மைசூரின் வீர வரலாறு நம் நினைவுக்கு வரும். ஆனால் அதே கோட்டைக்குள் கண்டி மகால் என்ற பெயரும் உண்டே! கண்டி எங்கே, வேலூர் எங்கே? கடல் கடந்து இலங்கையின் மலைநாட்டில் உள்ள ஒரு நகரத்தின் பெயர் நம் ஊர்க் கோட்டைக்குள் எப்படி வந்தது?

அந்தப் பெயருக்குக் காரணமானவர் ஸ்ரீ விக்கிரம ராசசிங்கர். கண்டியின் கடைசி மன்னர். இலங்கைத் தீவில் அரசு செலுத்திய மன்னர்களுள் இறுதியானவரும் அவரே. அவர் பதினேழு ஆண்டுகள் அரசராக இருந்தார். அதன் பின் பதினேழு ஆண்டுகள் கைதியாக இருந்தார். அரசராக இருந்த பாதியை உலகம் அறியும். கைதியாக இருந்த மறுபாதியில் ஏறக்குறைய பதினாறு ஆண்டுகள் நம் வேலூரில் கழிந்தன. அதை நாமே அறியாமல் இருக்கிறோம் என்பதால்தான் இக்கட்டுரையை எழுதத் துணிந்தேன்.

முதலில் கண்டியைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். போர்த்துகீசியர் 1505ஆம் ஆண்டில் இலங்கைக்கு வந்தனர். அவர்களுக்குப் பின் ஒல்லாந்தர் வந்தனர். 1796இல் ஆங்கிலேயர் கடற்கரைப் பகுதிகளைக் கைப்பற்றினர். ஆனால் மலைகளும் காடுகளும் மகாவலி கங்கையும் அரணாகச் சூழ்ந்த கண்டி அரசை இவர்களில் ஒருவராலும் நெடுங்காலம் வெல்ல இயலவில்லை. ஒல்லாந்தர் கத்தோலிக்கரைத் துன்புறுத்திய காலத்தில் கோவாவிலிருந்து மாறுவேடத்தில் வந்த புனித யோசேப் வாஸ் அடிகளார் பணியாற்றி உயிர் நீத்த ஊரும் இந்தக் கண்டிதான். முதலில் அவரை ஒற்றர் என்று ஐயுற்றுச் சிறையில் வைத்த கண்டி மன்னர், பின்னர் அவருக்கு ஆதரவளித்தார். 2015ஆம் ஆண்டில் திருத்தந்தை பிரான்சிஸ் கொழும்பு நகரில் அவரைப் புனிதராக உயர்த்தினார்.

கண்டி மன்னர்கள் மதுரை நாயக்கர் குலத்தில் பெண் எடுப்பது வழக்கம். 1739இல் வீர நரேந்திர சிங்கர் பட்டத்துக்குரிய மகன் இல்லாமல் இறந்தார். அவருடைய அரசியின் தம்பியே அரியணை ஏறினார். அன்று முதல் கண்டியில் நாயக்கர் ஆட்சி நடந்தது. அந்த வழியில் நான்காமவரும் கடைசியானவரும் நம் கதைத் தலைவர். அவருடைய இயற்பெயர் கண்ணுசாமி. 1780ஆம் ஆண்டில் பிறந்தவர். அரண்மனை உறவினர்தாம் என்றாலும் அரசராவோம் என்று அவர் கனவிலும் நினைத்திருக்க மாட்டார். 1798இல் இராசாதி ராசசிங்கர் வாரிசு இன்றி மறைந்தார். முதலமைச்சர் பதவியை அங்கே அதிகார் என்பார்கள். அப்பதவியில் இருந்த பிலிமத்தலாவை, அரண்மனையில் இருந்த மற்றவர்களை எல்லாம் விட்டுவிட்டுப் பதினெட்டு வயது இளைஞரான கண்ணுசாமியைத் தேர்ந்தெடுத்தார். இளைஞன், அனுபவமற்றவன், நம் சொற்படி ஆடுவான் என்பது அவருடைய கணக்கு. தானே அரசராகும் ஆசையும் அந்த அமைச்சருக்கு இருந்தது. அதற்காகக் கொழும்பில் இருந்த ஆங்கிலேய ஆளுநர் நார்த்துடன் இரகசியப் பேச்சும் நடத்தினார்.

பதினெட்டு வயது என்றால் நம்மைவிட மூன்றே வயது மூத்தவர்! பள்ளி இறுதி வகுப்பை முடித்துவிட்டு எந்தக் கல்லூரியில் சேரலாம் என்று நம் அக்காமார்கள் யோசிக்கும் வயது. அந்த வயதில் அவரைச் சுற்றி உண்மையான நண்பர் ஒருவரும் இல்லை.

1803ஆம் ஆண்டில் ஆங்கிலேயர் கண்டியின் மீது படையெடுத்தனர். நகரம் ஆளற்றுக் கிடந்தது. அரசர் காட்டுக்குள் விலகிவிட்டார். முத்துசாமி என்ற இன்னொரு அரச உறவினரைப் பொம்மை அரசராக அமர்த்திவிட்டுப் படையின் பெரும்பகுதி திரும்பியது. மலைக்காய்ச்சல் எஞ்சிய வீரர்களைச் சாய்த்தது. சூன் மாதத்தில் மேசர் டேவி என்பவர் தலைமையில் இருந்த சிறு படை சரணடைந்து வெளியேறியது. மகாவலி கங்கை வெள்ளம் பெருகி ஓடியது. கடக்கப் படகு இல்லை. முத்துசாமியைக் கண்டியார் கேட்டு வாங்கிக் கொன்றனர். பின்னர் சிப்பாய்களையும் கொன்றனர். டேவி கைதியாகக் கண்டியில் வைக்கப்பட்டார். மீட்பார் இன்றிப் பல ஆண்டுகள் அங்கேயே வாடி அங்கேயே இறந்தார். பிற்காலத்தில் தமக்கும் அதே கதி நேரும் என்று அன்று மன்னருக்கு யார் சொல்லியிருக்க முடியும்?

பிலிமத்தலாவையின் சூழ்ச்சிகள் ஒரு நாள் வெளிப்பட்டன. அவர் மரண தண்டனை அடைந்தார். இளைஞர் இப்போது தம் விருப்பப்படி ஆளத் தொடங்கினார். கண்டிக்குச் சுற்றுலா சென்றவர்கள் எடுத்து வரும் படங்களில் எல்லாம் தலதா மாளிகையின் முன்னே ஓர் அழகிய ஏரியும் எட்டுப்பட்டை வடிவமான மண்டபமும் காணப்படும். இரண்டும் இவர் அமைத்தவை. தேவேந்திர மூலாச்சாரி என்ற சிற்பி அவற்றை உருவாக்கினார். வயல்வெளி ஏரியாக மாறியது. ஆனால் அந்த ஏரி மக்களின் கட்டாய உழைப்பால் வெட்டப்பட்டது. குடிகள் முணுமுணுத்தனர். பிரபுக்கள் வெறுத்தனர். அழகை விரும்பிய அரசர் குடிகளின் தோள் வலியை எண்ணவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

அடுத்து நடந்ததை எழுதவே கை கூசுகிறது. பிலிமத்தலாவைக்குப் பின் அதிகார் ஆனவர் எகலப்பொலை. அவரும் சதி செய்கிறார் என்று மன்னர் ஐயுற்றார். 1814இல் அவர் ஆங்கிலேயரிடம் தப்பி ஓடினார். அவருடைய மனைவியும் மக்களும் மன்னரின் பிடியில் இருந்தனர். தகப்பன் செய்த குற்றத்துக்காக மனைவிக்கும் குழந்தைகளுக்கும் மரண தண்டனை விதிக்கப்பட்டது. மூத்த மகன் அஞ்சித் தாயின் பின்னே ஒளிந்தான். ஒன்பது வயதே ஆன இளையவன் மத்தும பண்டா, அண்ணனுக்குத் தைரியம் சொல்லிவிட்டுத் தானே முன்னால் வந்து கொலைஞனின் வாளுக்குத் தலை கொடுத்தான் என்று இலங்கையில் இன்றும் சொல்கிறார்கள். குழந்தைகளின் தலைகளை உரலில் இட்டு இடிக்கத் தாய் கட்டாயப்படுத்தப்பட்டாள் என்றும் சொல்வார்கள். அதே ஆண்டில் ஆங்கிலேயர் பகுதியிலிருந்து வந்த பத்துத் துணி வணிகர்கள் ஒற்றர் என்று குற்றஞ்சாட்டப்பட்டு உறுப்புகள் அறுபட்டனர். அவர்களில் எழுவர் இறந்தனர்.

இங்கேதான் நாடக மேடை வருகிறது. எகலப்பொலையின் குடும்பத்துக்கு நேர்ந்த கதி சிங்களத்தில் எகலப்பொல நாடகமாக ஆடப்பட்டது. அந்தச் சிங்கள நாடக வகையே நம் தமிழ்க் கூத்திலிருந்து பிறந்தது என்பதும், கடற்கரைக் கத்தோலிக்க ஊர்களில் அது செழித்தது என்பதும் நமக்குப் பெருமை தரும் செய்திகள். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜான் டி சில்வா இந்த மன்னரின் பெயராலேயே கொழும்பில் ஒரு நாடகம் எழுதி மேடையேற்றினார். யாழ்ப்பாணத்தில் கண்டி அரசன் கூத்து ஆடினார்கள். நம் தமிழ்நாட்டு நாடகக் கம்பெனிகளும் கண்டி ராஜா என்ற பெயரில் நாடகம் போட்டன. இக்கதையில் மேடைக்கு உயிர் எது? அந்த உரல் காட்சிதான். அழும் தாய், அஞ்சாத சிறுவன், மீசையை முறுக்கும் கொடுங்கோலன். பார்ப்பவர் கண்ணில் நீர் வராமல் இருக்குமா?

உரல் கதையை அப்படியே நம்ப வேண்டியதில்லை என்று கருதும் வரலாற்று ஆசிரியர்கள் உண்டு. படையெடுப்பதற்கு முன் மன்னரின் கொடுமைகளைச் சொல்லி அறிக்கை வெளியிட்டவர் ஆங்கிலேய ஆளுநர் பிரவுன்ரிக். ஒரு நாட்டைப் பிடிக்கப் போகிறவர்களுக்கு அந்நாட்டு அரசன் எவ்வளவு கொடியவனோ அவ்வளவு வசதி. இதை நாம் மறக்கக் கூடாது. ஆயினும் அந்தக் குழந்தைகள் கொல்லப்பட்டது உண்மை. உரலை நீக்கிவிட்டாலும் வாள் அங்கேயே இருக்கிறது. மன்னர் நம் இனத்தவர், தமிழ் பேசியவர், நம் ஊரில் இறந்தவர் என்பதற்காக அதை மூடி மறைத்து எழுத எனக்கு மனம் வரவில்லை.

1815ஆம் ஆண்டு சனவரியில் ஆங்கிலேயர் போர் தொடுத்தனர். போர் என்று பெயர்தான். ஜான் டாய்லி என்ற ஆங்கிலேய அதிகாரி சிங்களம் கற்று, பல ஆண்டுகளாக ஒற்றர்களை வைத்துப் பிரபுக்களின் மனத்தைத் தன் பக்கம் திருப்பியிருந்தார். எதிர்ப்பே இல்லாமல் படை கண்டியை அடைந்தது. மன்னர் தம் அரசியருடன் மெதமகாநுவரை மலைப்பகுதிக்கு ஓடினார். பிப்ரவரி 18ஆம் நாள் அவருடைய சொந்தக் குடிகளே அவரைப் பிடித்துக் கயிற்றால் கட்டினர். அரசியரின் நகைகள் பறிக்கப்பட்டன. மார்ச் 2ஆம் நாள் கண்டி அரண்மனைச் சபா மண்டபத்தில் ஓர் ஒப்பந்தம் படிக்கப்பட்டது. அதன்படி மன்னர் அரசுரிமை இழந்தார். அவர் மட்டுமல்ல, அவருடைய குலத்து ஆண்மக்கள் எவரும் இனி அந்நாட்டில் கால் வைக்கக் கூடாது என்று விலக்கப்பட்டனர். பிரபுக்கள் கையொப்பம் இட்டனர்.

நாடகங்களில் இத்துடன் திரை விழுந்து விடலாம். ஆனால் மன்னருக்கு அப்போது வயது முப்பத்தைந்துதான்.

கொழும்பில் ஏறக்குறைய ஓராண்டு காவலில் வைத்தார்கள். ஹென்றி மார்ஷல் என்ற இராணுவ மருத்துவர் பிற்காலத்தில் இலங்கையைப் பற்றி எழுதிய நூலில் ஒரு செய்தி இருக்கிறது. தமக்குக் காவலாக இருந்த ஆங்கில அதிகாரியிடம் மன்னர் ஒரு நாள் மனம் விட்டுப் பேசினாராம். ஆங்கிலேய ஆளுநர்களுக்குக் கண்டி அரசர்களைவிட ஒரு நன்மை உண்டு, கோபத்தில் எதையும் செய்துவிடாமல் தடுக்க ஆலோசகர்கள் பக்கத்திலேயே இருக்கிறார்கள், எங்கள் நிலை அப்படி அல்ல, எங்கள் சினம் ஆறுவதற்குள் குற்றவாளி இறந்து போய்விடுகிறான் என்ற பொருளில் அவர் சொன்னார். இதைப் படித்தபோது நான் நெடுநேரம் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். இது மன்னிப்புக் கேட்பதா? அல்லது பழியை இன்னொருவர் மேல் போடுவதா? இரண்டு விதமாகவும் படிக்கலாம். கோபம் ஆறிய பிறகு அவர் எதையோ நினைத்துப் பார்த்திருக்கிறார் என்பது மட்டும் உறுதி. எந்தக் குற்றவாளியை நினைத்தாரோ! அந்த ஒன்பது வயதுச் சிறுவனை நினைத்தாரோ!

1816ஆம் ஆண்டு சனவரி 24ஆம் நாள் கார்ன்வாலிஸ் என்ற போர்க் கப்பலில் மன்னரையும் அரசியரையும் உறவினரையும் ஏற்றினர். பட்டத்தரசி வெங்கட ரெங்கம்மாள் முதலிய நால்வர் அவருடைய அரசியர். வில்லியம் கிரான்வில் என்ற அதிகாரி அவர்களுடன் அனுப்பப்பட்டார். வழியில் மன்னர் பேசியதையும் சினந்ததையும் அவர் நாட்குறிப்பாக எழுதி வைத்தார். கப்பல் சென்னையை அடைந்தது. அங்கிருந்து தரை வழியாக வேலூருக்கு அழைத்து வந்தனர். மதுரைச் சீமையிலிருந்து மூதாதையர் கடல் கடந்து சென்று அரசாண்டார்கள். எழுபத்தேழு ஆண்டுகளுக்குப் பின் அதே கடலைக் கைதியாகக் கடந்து அவர்களுடைய கடைசி வாரிசு தமிழ் மண்ணுக்குத் திரும்பினார். ஆனால் இந்த மண்ணில் அவருக்கு வீடு எது?

வேலூரை ஏன் தேர்ந்தார்கள்? வலிமையான கோட்டை, ஆழமான அகழி, சென்னைக்கு அண்மையான இடம் என்று காரணம் சொல்லலாம். ஆனால் பத்து ஆண்டுகளுக்கு முன்தான் இதே கோட்டையில் திப்பு சுல்தானின் மைந்தர்களை வைத்துக் காத்ததன் பலனை அவர்கள் அனுபவித்திருந்தார்கள்! 1806 புரட்சியில் திப்புவின் கொடி ஏறியது. வெள்ளைச் சிப்பாய்கள் பலர் மாண்டனர். ஆர்க்காட்டிலிருந்து கில்லஸ்பி விரைந்து வராமல் இருந்தால் கோட்டையே கை மாறியிருக்கும். அதற்குப் பின் திப்புவின் மக்களைக் கல்கத்தாவுக்கு அனுப்பிவிட்டார்கள். அப்படிப்பட்ட இடத்தில் மறுபடியும் ஓர் அரசரைக் கொண்டு வந்து வைப்பானேன்? நான் எண்ணிப் பார்த்துக் கண்ட விடை இது: திப்புவின் குடும்பத்தோடு மைசூரிலிருந்து ஆயிரக்கணக்கான பேர் வந்து வேலூர்ப் பேட்டையில் குடியேறியிருந்தார்கள். கண்டி மன்னருக்காக எழுந்து நிற்க இங்கே ஒரு சிப்பாய் கூட இல்லை. ஆளற்ற அரசரால் யாருக்கு ஆபத்து?

அவரை இருட்டறையில் சங்கிலியிட்டு வைக்கவில்லை. அரசியரும் உறவினரும் பணியாட்களும் உடன் இருந்தனர். செலவுக்கு இலங்கை அரசின் கருவூலத்திலிருந்து பணம் வந்தது. ஒரு காலத்தில் அவருக்கே உரியதாக இருந்த நாட்டின் வரிப்பணத்திலிருந்து அவருக்கு உதவித்தொகை! கோட்டைச் சுவருக்குள் ஓர் அரசரின் குடும்பம் பிறர் தயவில் வாழ்ந்தது.

அந்நாளைய கோட்டையை நாம் கற்பனை செய்து பார்க்க வேண்டும். இன்று மணி ஒலிக்கும் சலகண்டேசுவரர் ஆலயத்தில் அப்போது மூலவர் இல்லை. ஆலயம் படைக்கலக் கொட்டிலாக இருந்தது. 1981ஆம் ஆண்டில்தான் இறைவன் திருவுருவம் மீண்டும் உள்ளே வந்தது. புனித யோவான் ஆலயம் கட்டப்பட்டது 1846இல். ஆகவே அதுவும் அப்போது இல்லை. கண்டியில் புத்தர் பெருமானின் புனிதப் பல்லுக்குக் காவலராக விளங்கி, ஆண்டுதோறும் யானை ஊர்வலம் நடத்திய அரசர், வழிபாடு இல்லாத ஒரு கோயிலின் கோபுரத்தைப் பார்த்துக் கொண்டு பதினாறு ஆண்டுகள் விடிந்தார், அடைந்தார். கண்டியின் குளிர் எங்கே, நம் வேலூர்ச் சித்திரை வெயில் எங்கே! வெயிலைப் பற்றி இந்த ஊரில் நான் விளக்க வேண்டியதில்லை.

அதே ஊரில் அப்போது இன்னோர் அரச குடும்பத்துப் பெண்மணியும் இருந்தார். திப்பு சுல்தானின் மனைவி பாதுஷா பேகம் 1834 வரை வேலூரில் வாழ்ந்து இங்கேயே அடக்கம் செய்யப்பட்டார். மைசூரின் அரசியும் கண்டியின் அரசரும் ஒரே ஊரின் தண்ணீரைக் குடித்தார்கள். நான் நாடகம் எழுதுவதாக இருந்தால் இவர்கள் இருவரையும் ஒரு காட்சியில் சந்திக்க வைப்பேன். வரலாற்றுப் பாடத்தில் அதற்கு மதிப்பெண் கிடைக்காது. நாடகத்தில் கிடைக்கலாம்.

அந்த 1815ஆம் ஆண்டு ஒரு விந்தையான ஆண்டு. மார்ச் மாதம் கண்டி வீழ்ந்தது. சூன் மாதம் வாட்டர்லூவில் நெப்போலியன் வீழ்ந்தான். அவனை செயின்ட் எலினா தீவுக்கு அனுப்பினார்கள். அவன் பேசிய ஒவ்வொரு சொல்லையும் எழுதிக்கொள்ள உடன் சென்றவர்கள் இருந்தார்கள். 1821இல் அவன் இறந்தான். உலகம் முழுவதும் அவனைப் பற்றி நூல்கள் குவிந்தன. நம் கண்டி மன்னர் அவனைவிட மூன்று மடங்கு காலம் சிறையிருந்தார். கிரான்வில்லின் நாட்குறிப்பு பயணத்தோடு முடிந்துவிட்டது. பின்னாளில் பர்மாவின் தீபா மன்னரை இரத்தினகிரிக்குக் கொண்டு வந்தார்கள். தில்லியின் பகதூர் ஷாவை இரங்கூனுக்குக் கொண்டு போனார்கள். ஓர் அரசரை அவருடைய மொழி வழங்காத மண்ணில் நட்டுவிட்டால் தானே வாடிவிடுவார் என்பது ஆங்கிலேயர் கண்ட முறை. நம் மன்னர் விஷயத்தில் மொழி மட்டும் அந்நியமாக இல்லை.

விவிலியம் படிக்கும் நமக்கு இன்னோர் அரசர் நினைவுக்கு வருவார். யூதாவின் அரசர் யோயாக்கின். அவரும் அரசரானபோது பதினெட்டு வயதுதான். மூன்றே மாதம் ஆண்டார். தாயோடும் மனைவியரோடும் பாபிலோனுக்குக் கைதியாகக் கொண்டு செல்லப்பட்டார். முப்பத்தேழாம் ஆண்டில் அந்நாட்டுப் புதிய மன்னர் அவரைச் சிறையிலிருந்து விடுவித்து, சிறை உடையைக் களையச் செய்து, தம் பந்தியில் அமர்த்தினார் என்று அரசர்கள் இரண்டாம் நூல் முடிகிறது. வேலூர்க் கைதிக்கு அத்தகைய ஒரு நாள் வரவில்லை.

ஒரே ஒரு முறை வரக்கூடும் போல் இருந்தது. 1817ஆம் ஆண்டின் இறுதியில் கண்டி நாட்டின் ஊவா பகுதியில் ஆங்கிலேயருக்கு எதிராகப் பெரும் கிளர்ச்சி வெடித்தது. மன்னரைக் காட்டிக் கொடுத்த பிரபுக்களே இப்போது வெள்ளையர் ஆட்சியை வெறுத்தார்கள். கிளர்ச்சிக்கு ஓர் அரசர் வேண்டுமே! துரைசாமி என்ற நாயக்கர் குல இளவரசர் தாமே என்று சொல்லிக் கொண்டு ஒருவர் தோன்றினார். மக்கள் அவர் பின்னே திரண்டனர். அவர் உண்மையில் நாயக்கர் குலத்தவரே அல்லர் என்பது பிறகு தெரிந்தது. கயிற்றால் கட்டி இழுத்துச் சென்ற அதே குலத்தின் பெயர் இரண்டே ஆண்டுகளில் மக்களைத் திரட்டும் மந்திரமாகிவிட்டது. உண்மையான அரசரோ வேலூரில் அகழிக்குள் இருந்தார். 1818 நவம்பரில் கிளர்ச்சித் தலைவர் கெப்பெட்டிபொலையின் தலை வெட்டப்பட்டது. கிளர்ச்சி அடங்கியது.

எகலப்பொலை என்ன ஆனார்? அவரைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் கதை முழுமை பெறாது. தம் மனைவி மக்களை இழந்து, ஆங்கிலேயருக்குக் கண்டியைத் திறந்துவிட்டவர் அவர். அரியணை தமக்குக் கிடைக்கும் என்று எதிர்பார்த்தார். கிடைத்தது ஐயம்தான். கிளர்ச்சியில் பங்கு உண்டோ என்று அவரைக் கொழும்பில் காவலில் வைத்தார்கள். 1825இல் மொரீசியசுத் தீவுக்கு நாடு கடத்தினார்கள். 1829இல் அங்கேயே இறந்தார். ஒருவரை ஒருவர் அழித்துக்கொண்ட அரசரும் அமைச்சரும் இந்துமாக்கடலின் இரு மூலைகளில் ஒரே எசமானரின் கைதிகளாக முடிந்தார்கள். அமைச்சரின் மரணச் செய்தி வேலூரை எட்டியிருந்தால் மன்னர் மகிழ்ந்திருப்பாரா, அழுதிருப்பாரா? இதுதான் நான் மேடையில் காண விரும்பும் காட்சி. உரல் காட்சிக்கு ஓர் உலக்கை போதும். இந்தக் காட்சிக்கு மிக நல்ல நடிகை வேண்டும்.

வேலூரில் மன்னருக்கு ஒரு மகன் பிறந்தான். கோட்டைச் சுவரைத் தவிர வேறு நாடு அறியாத இளவரசன். அவனுக்கு இராசாதி ராசசிங்கன் என்று முன்னோரின் பெயரையே சூட்டினார்கள். பிள்ளைப் பருவத்தில் அவன் ஓடி விளையாடுவதைக் காணும்போதெல்லாம் தகப்பனின் நெஞ்சில் என்ன ஓடியிருக்கும்! மத்தும பண்டாவும் ஒரு தகப்பனின் பிள்ளைதானே. இதற்குமேல் எழுத எனக்கு வயதும் அறிவும் போதாது.

1832ஆம் ஆண்டு சனவரி 30ஆம் நாள் நீர்க்கோவை நோயால் மன்னர் காலமானார். வயது ஐம்பத்திரண்டு. பாலாற்றங்கரையில் அவருக்கு இறுதிச் சடங்கு நடந்தது. தோல் பதனிடும் தொழிற்சாலைகள் இந்தக் கரைக்கு வராத காலம் அது. ஆற்று நீர் தெளிவாகவே இருந்திருக்கும். மகன் தந்தைக்குப் பின் பதினோர் ஆண்டுகளே வாழ்ந்து 1843இல் இறந்தான்.

அவருடைய அரியணை 1693இல் ஒல்லாந்தர் கண்டி மன்னருக்கு அளித்த பரிசு. யோசேப் வாஸ் அடிகளார் கண்டிக்கு வந்தபோது ஆண்ட அதே மன்னருக்கு! ஆங்கிலேயர் அதை இங்கிலாந்துக்கு எடுத்துச் சென்று விண்ட்சர் கோட்டையில் வைத்திருந்தனர். 1934இல் திருப்பித் தந்தனர். இன்று அது கொழும்பு அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அவருடைய சிங்கக் கொடியின் உருவமே சுதந்திர இலங்கையின் தேசியக் கொடியில் இடம் பெற்றது. கொடி திரும்பியது. அரியணை திரும்பியது. அவர் மட்டும் நம்மோடு தங்கிவிட்டார்.

பாலாற்றங்கரையில் அவருடைய நினைவுக் கல்லும் உறவினர் சிலரின் கல்லறைகளும் இருந்த இடத்தில் 1990ஆம் ஆண்டு தமிழக அரசு முத்து மண்டபம் என்ற நினைவு மண்டபத்தைக் கட்டியது. வேலூர் நகருக்கு வடக்கே, கோட்டையிலிருந்து அதிகத் தொலைவு இல்லை. கோட்டைக்கு உறவினரை அழைத்துச் செல்லும் தோழியர் அடுத்த முறை சற்று நேரம் ஒதுக்கி அங்கேயும் அழைத்துச் செல்லலாம். 2021ஆம் ஆண்டு நவம்பரில் பாலாறு இரு கரையும் புரண்டு ஓடியதை நாம் பார்த்தோம். மற்ற நாட்களில் பெரும்பாலும் மணல்தான். ஆகவே ஐப்பசி, கார்த்திகை மழைக்குப் பிறகு போனால் மன்னரின் பக்கத்தில் ஆறும் இருக்கும்.